சவுங் கௌக்: பர்மாவின் யாழ்

பர்மியப் பாட்டைப் பற்றித் தமிழில் எழுதுபவர்கள் தடுமாறும் ஒரு சொல் 'சவுங் கௌக்'. சிலர் 'பர்மிய வீணை' என்கிறார்கள், சிலர் 'ஹார்ப்' என்று விட்டுவிடுகிறார்கள். இரண்டுமே வேண்டியதில்லை.

பர்மிய மொழியில் 'சவுங்' என்பது கருவியின் பெயர். 'கௌக்' என்றால் வளைந்தது. கடைசி எழுத்து முழுதாக ஒலிக்காது, தொண்டையிலேயே நின்றுவிடும். வளைந்த சவுங், அவ்வளவுதான். படகு போன்ற மரக்குடம், அதன்மேல் இழுத்துக் கட்டிய மான் தோல், அதிலிருந்து வில்லாக எழும் தண்டு, தண்டின் நுனியில் அரச இலை வடிவம். தரையில் உட்கார்ந்து மடியில் வைத்து, வலக்கை விரல்களால் மீட்டுவார்கள். பாடுபவரே 'சி' என்ற சிறு தாளத்தையும் 'வா' என்ற மூங்கில் கட்டையையும் தட்டிக்கொள்வார். மகாகீதா என்னும் அரண்மனைப் பாடல் தொகுதிக்கு இதுதான் உயிர்.

மிகப் பழைய கருவி இது. பர்மாவின் பழங்காலக் குடிகளான பியு மக்களின் தலைநகர் ஸ்ரீ க்ஷேத்திரத்துச் சிற்பத்திலேயே வளைந்த யாழ் இருக்கிறது. 802இல் சீனத் தாங் அரசவைக்குப் போன பியு இசைக்குழுவும் இதைக் கொண்டுபோனது. ஏழு நரம்பாக இருந்ததைப் பதின்மூன்றாக்கியவர் பர்மிய அரசவை இசைக்கலைஞர் மியாவதி மின்ஜி ஊ சா (1766–1853). இன்று 16 நரம்புகள். பட்டுக்குப் பதில் நைலான் வந்துவிட்டது.

சரி, தமிழில் என்ன சொல்வது? யாழ் என்றுதான். நம் யாழின் உறுப்புப் பெயர்களை எடுத்து இதன்மேல் வைத்துப் பாருங்கள். குடம் பத்தர், தோல் போர்வை, நரம்பைத் தண்டோடு இறுக்கும் கட்டு திவவு. சவுங்கில் சிவப்புக் கயிறுகளைத் தண்டில் சுற்றிக் கட்டியிருப்பார்களே, அந்தத் திவவுதான் அது! அதை நகர்த்தித்தான் சுருதி சேர்ப்பார்கள். இப்போது பலவற்றில் முறுக்காணி வந்துவிட்டது. தண்டுக்குக் கோடு என்று பெயர், கோடுதல் என்றால் வளைதல். 'கணைகொடிது யாழ்கோடு செவ்விது' என்று வள்ளுவர் சொன்னதும் அந்த வளைவைத்தான்: அம்பு நேரானது ஆனாலும் கொடியது, யாழ் வளைந்தது ஆனாலும் இனியது. பர்மியரும் வளைவை வைத்தே பெயர் சொல்கிறார்கள் என்பது எனக்குப் பெரும் மகிழ்ச்சி. இரண்டு சொற்களுக்கும் வேர் ஒன்று என்று சொல்லவில்லை, பார்வைதான் ஒன்று.

பழைய வடமொழியில் 'வீணா' வில் வடிவ யாழையும் குறித்தது உண்மைதான். சமுத்திரகுப்தர் காசில் அவர் மடியில் இருப்பதும் அதுவே. ஆனால் இன்று வீணை என்றால் நேர்த்தண்டும் அதன்மேல் விரல் வைக்கும் மெட்டுகளும் உள்ள கருவிதான் நம் கண்ணில் வரும். அதனால் 'வீணை' தவறான படத்தைக் காட்டிவிடும்.

'வில்யாழ்' என்றும் எழுதலாமா? பெரும்பாணாற்றுப்படையில் வில்யாழ் என்பது இடையன் குமிழங் கொம்பை வளைத்து மரல் நாரைக் கட்டிச் செய்துகொள்வது. அரண்மனைக் கருவிக்கு அது பொருந்தாது. 'பர்மிய யாழ்' என்று எழுதி, முதல் முறை வரும் இடத்தில் மட்டும் சவுங் கௌக் என்பதைச் சேர்த்துக்கொண்டால் போதும்.