ஒரே அணிவகுப்பில் ஆணும் பெண்ணும்: அடியின் நீளமும் எலும்பின் பலமும்

ஆஸ்திரேலிய ராணுவத்தில் புதிதாகச் சேர்பவர்கள் கப்பூகா முகாமில் அடிப்படைப் பயிற்சி பெறுகிறார்கள். 1990களில் அங்கே பயிற்சி பெற்ற பெண்களில் 11.2 விழுக்காட்டினருக்கு இடுப்பெலும்பில் நுண்ணிய முறிவு ஏற்பட்டது. அது விழுந்தோ மோதியோ உண்டான முறிவு அல்ல. நடந்து நடந்தே வந்தது. பின்னர் அணிநடையின் வேகத்தை மணிக்கு 7.5 கிலோமீட்டரிலிருந்து 5 கிலோமீட்டராகக் குறைத்தார்கள். ஒவ்வொருவரும் தமக்கு இயல்பான அடியை எடுத்து வைக்கலாம் என்று அனுமதித்தார்கள். ஒரே மூச்சில் ஓடும் ஓட்டத்துக்குப் பதிலாக, இடையிடையே ஓய்வு தரும் குறுகிய ஓட்டங்களைக் கொடுத்தார்கள். அந்த விகிதம் 0.6 விழுக்காடாகச் சரிந்தது. ஆண்களையும் பெண்களையும் சேர்த்துப் பயிற்றுவிக்கலாமா என்ற நெடுங்கால விவாதத்தில் துணிவு, ஒழுக்கம், கட்டுக்கோப்பு ஆகியவற்றைப் பற்றியே அதிகம் பேசப்படுகிறது. என் பார்வையில், அடியின் நீளம் அவற்றுக்குச் சற்றும் குறையாத கவனத்துக்கு உரியது.

பிரிட்டிஷ், அமெரிக்க மரபுகளில் அணிவகுப்பு நடையின் ஓர் அடி 30 அங்குலம், அதாவது ஏறத்தாழ 76 சென்டிமீட்டர். சராசரி உயரமுள்ள ஆணுக்கு இது இயல்பான அடி. குட்டையானவர் இதற்காகக் காலை நீட்டிப் போட வேண்டியிருக்கிறது. அப்படி நீட்டும்போது, தொடையின் உட்புறத் தசைகளும் பின்புறத் தசைகளும் இடுப்பெலும்பின் முன்பக்கக் கீழ்க்கிளையை ஒவ்வோர் அடியிலும் இழுக்கின்றன. சுண்டுவிரல் அளவே தடிமன் கொண்ட அந்தக் கிளை, ஒரு கிலோமீட்டர் நடைக்குள் ஆயிரத்துக்கும் மேற்பட்ட முறை அந்த இழுவையைத் தாங்க வேண்டும். முதுகுச் சுமை கூடினால் இழுவையும் கூடும். பெண்களுக்கென்று தனியாக நடந்த பயிற்சியில், வேகத்தையும் அடியையும் அவர்களுடைய உடலளவே தீர்மானித்ததால் இந்தச் சிக்கல் பெரிதாகத் தலைகாட்டவில்லை. கலப்பு அணியில் உயரமான ஆண்கள் முன்னால் நடக்க, பின்வரிசையில் இருந்த பெண்கள் அவர்களோடு ஈடுகொடுக்க அடியை நீட்டினார்கள். பிரிட்டிஷ் விமானப்படையில் இத்தகைய இடுப்பெலும்பு முறிவுகள் தென்பட்டபோது, எட்டி நடப்பதைத் தவிர்ப்பதே தீர்வின் மையமாக அமைந்தது. நான்கு சுவர்களுக்குள் கொள்கை வகுப்பவர்களுக்கு எளிதில் புலப்படாத நுணுக்கம் இது.

நடையால் எலும்பு முறியும் என்பது ராணுவ மருத்துவத்துக்குப் புதிதல்ல. பிரஷ்ய ராணுவ மருத்துவர் பிரைட்ஹாப்ட், நெடுநடைக்குப் பின் வீரர்களின் பாதங்கள் வீங்கி வலிப்பதை 1855இலேயே பதிவு செய்தார். எக்ஸ்ரே கண்டுபிடிக்கப்பட்ட பிறகுதான் அந்த வீக்கத்தின் அடியில் முறிவு இருந்தது தெரியவந்தது. அவர் கண்டவர்கள் அனைவரும் ஆண்கள் என்பதை மறந்துவிடக் கூடாது.

எலும்பு உயிருள்ள திசு. வழக்கத்துக்கு மாறான சுமை விழும்போது அதில் மிக நுண்ணிய விரிசல்கள் உண்டாகின்றன. முதலில் ஆஸ்டியோகிளாஸ்ட் என்னும் செல்கள் வந்து பழுதான பகுதியை அரித்து அகற்றுகின்றன. பிறகு ஆஸ்டியோபிளாஸ்ட் என்னும் செல்கள் அந்தக் குழியில் புதிய எலும்பை நிரப்புகின்றன. அரிக்கும் வேலை ஏறத்தாழ மூன்று வாரங்களில் முடிந்துவிடும். நிரப்பும் வேலைக்கோ மூன்று மாதங்கள் வரை ஆகும். ஆகவே பயிற்சி தொடங்கிய சில வாரங்களில், வலுப்பெறுவதற்கான பாதையில் இருக்கும் எலும்பு, தற்காலிகமாக முன்பைவிட நலிந்த நிலையில் இருக்கிறது. அமெரிக்கத் தரைப்படையின் அடிப்படைப் பயிற்சிக் காலமே 10 வாரங்கள்தான். நிரப்பும் வேலை முடியும் முன்பே பயிற்சி முடிந்துவிடுகிறது. தசை களைத்துப் போனால், தரையிலிருந்து வரும் அதிர்வை உள்வாங்க முடியாமல் அதையும் எலும்பிடமே விட்டுவிடுகிறது. பெண்களின் கீழ்க்கால் எலும்பான டிபியா, சராசரியாக ஆண்களுடையதைவிடக் குறுகலானது, அதன் புறச்சுவரும் மெல்லியது. எலும்பின் அகலம் சற்றுக் குறைந்தாலும் வளைவைத் தாங்கும் திறன் வெகுவாகக் குறைந்துவிடும் என்பதால், ஒரே நடை இருவருக்கும் ஒரே சுமையாக இருப்பதில்லை.

இதே கணக்கு இதயத்துக்கும் பொருந்தும். 25 கிலோ எடையுள்ள முதுகுப்பை, 80 கிலோ எடை கொண்டவருக்கு உடல் எடையில் 31 விழுக்காடு. 55 கிலோ எடை கொண்டவருக்கு அது 45 விழுக்காடு. பெண்களின் ரத்தத்தில் ஹீமோகுளோபின் சராசரியாகப் பத்து விழுக்காட்டுக்கும் மேல் குறைவு. இதயத்தின் கொள்ளளவும் சிறியது. எனவே ஒரே வேகத்தில், ஒரே சுமையோடு நடக்கும் இருவரில் ஒருவர் மிதமான உழைப்பிலும் மற்றவர் தம் உச்சத்துக்கு அருகிலும் இருக்கக்கூடும். பயிற்றுநரின் கையேட்டில் இருவருக்கும் எழுதப்பட்டிருப்பது ஒன்றே. உடலுக்குள் நிகழ்வது வேறு.

இது பெண் என்பதால் மட்டும் நேர்வதா? அமெரிக்கத் தரைப்படையின் பயிற்சி வீரர்களிடையே நடத்தப்பட்டு 2000இல் வெளியான ஆய்வு ஒன்று இந்தக் கேள்வியை நேரடியாக எடுத்துக்கொண்டது. பெண்கள் காயமடையும் விகிதம் ஆண்களைப் போல இரு மடங்குக்கும் மேல் இருந்தது. ஆனால் பயிற்சிக்கு வரும்போதே இருந்த உடற்தகுதியை, குறிப்பாக ஓட்டத்தில் வெளிப்படும் மூச்சுத்திறனைக் கணக்கில் எடுத்தபோது, அந்த வேறுபாடு பெரும்பாலும் மறைந்துவிட்டது. மெதுவாக ஓடும் ஆணும் மெதுவாக ஓடும் பெண்ணும் ஏறத்தாழ ஒரே அளவு ஆபத்தில் இருந்தார்கள். இந்தத் துறையில் நான் மிக முக்கியமாகக் கருதும் முடிவு இது. ஏனெனில் பாலினத்தைப் பார்த்து எடுக்கும் முடிவுகளைவிட, ஓட்ட நேரத்தைப் பார்த்து எடுக்கும் முடிவுகள் கூடுதலான எலும்புகளைக் காப்பாற்றும்.

அதைக் கவனிக்காவிட்டால் என்ன ஆகும் என்பதை பிரிட்டன் கண்டது. 1998இல் அந்நாட்டு ராணுவம் ஆண், பெண் இருபாலருக்கும் வேறுபாடற்ற ஒரே பயிற்சியை நடைமுறைப்படுத்தியது. நியாயத்தின் பெயரால் எடுக்கப்பட்ட முடிவுதான் அது. ஆயினும், மிகைப் பயன்பாட்டுக் காயங்களால், அதாவது ஒரே இடத்தில் திரும்பத் திரும்பச் சுமை விழுவதால் வரும் காயங்களால், மருத்துவக் காரணம் காட்டி வெளியேற்றப்பட்ட பெண்களின் விகிதம் 4.6 விழுக்காட்டிலிருந்து 11.1 விழுக்காடாக உயர்ந்தது. ஆண்களில் அது 1.5 விழுக்காட்டுக்குக் கீழேயே இருந்தது. ராணுவத்தில் சேர விரும்பி வந்த பெண்கள், தவிர்த்திருக்கக்கூடிய காயங்களால் வீடு திரும்பினார்கள். இதை வெறும் எண்ணிக்கையாக என்னால் கடந்து போக முடியவில்லை.

சேர்ந்து பயிற்சி பெறுவதும் ஒரே அளவில் பயிற்சி பெறுவதும் ஒன்றல்ல என்று புரிந்துகொண்டால் வழிகள் திறக்கின்றன. அமெரிக்கத் தரைப்படையில், ஓட்ட நேரத்தின் அடிப்படையில் வீரர்களைக் குழுக்களாகப் பிரித்து ஓட விடுகிறார்கள். மற்ற வகுப்புகளும் களப்பயிற்சியும் சேர்ந்தே நடக்கின்றன. இஸ்ரேல் ராணுவத்தில் இரவில் குறைந்தது 6 மணி நேரத் தூக்கத்தைக் கட்டாயமாக்கி, மொத்த நடைதூரத்தையும் குறைத்தபோது, இத்தகைய முறிவுகள் 60 விழுக்காட்டுக்கும் மேல் குறைந்தன. அமெரிக்கக் கடற்படையில் பயிற்சி பெற்ற பெண்களுக்கு 8 வாரங்கள் நாள்தோறும் 2,000 மில்லிகிராம் கால்சியமும் 800 அலகு வைட்டமின் டியும் கொடுத்துப் பார்த்த ஆய்வில், முறிவுகள் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைந்தன. பயிற்சிக் காலத்தில் பெண்களின் உடலில் இரும்புச்சத்து மேலும் சரிவதால் அதையும் கவனித்தாக வேண்டும். போதுமான அளவு உண்ணாதவருக்கு மாதவிடாய் தப்பும். அதோடு எலும்பைக் காக்கும் ஈஸ்ட்ரோஜனும் குறையும்.

மிச்சமிருப்பது காலம். அமெரிக்கத் தரைப்படையின் நேட்டிக் ஆய்வுக்கூடம் 1990களில் சாதாரணக் குடிமக்களான பெண்களுக்கு 24 வாரங்கள் எடைப்பயிற்சியும் சுமைநடைப் பயிற்சியும் அளித்தது. தொடக்கத்தில் அவர்களில் ஏறத்தாழ கால் பங்கினரே மிகக் கனமான ராணுவ வேலைகளுக்கான தகுதியை எட்டியிருந்தார்கள். முடிவில் முக்கால் பங்குக்கும் மேற்பட்டோர் எட்டினார்கள். தசையும் எலும்பும் வலுவடைய மாதங்கள் தேவைப்படும்போது, அந்த வேலையை முகாமின் வாயிலுக்குள் நுழைந்த பிறகு தொடங்குவது தாமதம். சேர்வதற்குச் சில மாதங்கள் முன்பே தயாரிப்புப் பயிற்சி கொடுப்பது, ஆண், பெண் இருபாலருக்கும் பலன் தரும்.

சேர்ந்து வாழ்வதால் மனத்தில் ஏற்படும் மாற்றத்தை நார்வே அளந்து பார்த்திருக்கிறது. அங்கே ஒரு படைப்பிரிவில், எந்த அணியில் பெண்கள் இருப்பார்கள் என்பதைக் குலுக்கல் முறையில் தீர்மானித்தார்கள். அணியினர் 8 வாரங்கள் ஒரே அறையில் தங்கிப் பயிற்சி பெற்றார்கள். பெண்களோடு தங்கிய ஆண்களில், கலப்பு அணியும் ஆண்கள் மட்டுமே உள்ள அணிக்கு நிகராகச் செயல்படும் என்று நம்பியோர் கூடினார்கள். அந்த ஆண்களின் செயல்திறனோ, படையில் தொடரும் விருப்பமோ குறையவில்லை. ஆனால் பயிற்சி முடிந்து அணிகள் கலைந்து ஆறு மாதங்கள் ஆனபோது, அந்த மனமாற்றம் பெரும்பாலும் மறைந்திருந்தது. எட்டு வாரப் பழக்கத்தின் பலன், அந்தப் பழக்கம் தொடரும் வரைதான் நீடிக்கிறது.