பள்ளத்தின் கன அளவும் நடைச்சீட்டின் கணக்கும்

மதுரை மாவட்டத்தின் மேலூர்ப் பகுதியில் கிரானைட் குவாரிச் செய்தி திரட்டச் செல்லும் இளம் செய்தியாளர்கள் பலர், ஊர்மக்களின் முறையீட்டைப் பதிவு செய்து, நிறுவனத்தின் மறுப்பை ஒரு வரியில் சேர்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். கண்மாய்க்கு நீர் கொண்டுவரும் ஓடையை ஒரு குவாரி கல்கழிவால் மூடிவிட்டதாக நான் எழுதிய செய்தியில் சர்வே எண்ணின் உட்பிரிவு பிழையாக இருந்தது. வக்கீல் நோட்டீஸ் வந்தது. பத்திரிகை வருத்தம் தெரிவித்தது. ஓடை மூடியபடியே கிடந்தது.

அதன் பிறகு, யாரிடமும் பேசும் முன் கிராம நிர்வாக அலுவலரிடம் உள்ள 'அ' பதிவேட்டையும் (சர்வே எண்வாரியான நில விவரப் பதிவேடு) புலப்படத்தையும் (நில அளவை வரைபடம்) பார்ப்பதை வழக்கமாக்கிக்கொண்டேன். அடுத்து, சுற்றுச்சூழல் அனுமதியின் நிபந்தனைகள். 2006ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின்படி, அனுமதி பெற்ற நிறுவனம் ஒவ்வோர் ஆண்டும் ஜூன் 1, டிசம்பர் 1 ஆகிய தேதிகளில் நிபந்தனைகளை நிறைவேற்றியது பற்றிய அறிக்கை அளிக்க வேண்டும். அவை பொது ஆவணங்கள். தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் மனுச் செய்தால் முப்பது நாளில் பதில் தரப்பட வேண்டும். ஆனால் 'ஏன் நடவடிக்கை எடுக்கவில்லை' என்று கேட்டால் ஒன்றும் கிடைக்காது. இன்ன அறிக்கையின் நகல் என்றே கேட்க வேண்டும். ஒரு குவாரியின் நான்கு அறிக்கைகளை அடுத்தடுத்து வைத்துப் பார்த்தபோது, பசுமை வளையம், அதாவது குவாரியைச் சுற்றி நட வேண்டிய மரங்கள், பற்றிய பத்தி எழுத்துப் பிசகாமல் நான்கிலும் இருந்தது. நேரில் போனால் வேலியோரம் சில வேம்புகள், அவற்றையும் ஆடு கடித்திருந்தது.

எடுத்த கல்லின் கணக்குதான் கடினம். நூறு மீட்டர் நீளம், அறுபது மீட்டர் அகலம், இருபது மீட்டர் ஆழமுள்ள பள்ளத்திலிருந்து 1,20,000 கன மீட்டர் வெளியேறியிருக்கும். கல் ஏற்றிச் செல்லும் லாரிகளுக்குத் தரப்படும் அனுமதிச் சீட்டுகளான நடைச்சீட்டுகளில் அதில் கால்பங்கே பதிவாகியிருந்தால் உடனே முறைகேடு என்று எழுதிவிடக் கூடாது. கிரானைட்டில் வெட்டியெடுப்பதில் பெரும்பகுதி கழிவாகவே போகும். சுரங்கத் திட்டத்தில் எத்தனை விழுக்காடு விற்பனைக்குரிய கல் என்று சொல்லப்பட்டிருக்கிறது, கழிவுக்குவியலின் அளவு அதற்கு ஒத்துவருகிறதா என்பதையும் பார்த்த பிறகே அந்த இடைவெளிக்குப் பொருள் உண்டு. 2012இல் மதுரை மாவட்ட ஆட்சியராக இருந்த உ. சகாயம் அரசுக்கு அனுப்பிய அறிக்கை கிரானைட் முறைகேடுகளால் அரசுக்கு ஏற்பட்ட இழப்பை 16,338 கோடி ரூபாய் என்று மதிப்பிட்டது; அதற்குப் பல ஆண்டுகள் முன்பிருந்தே லாரிகள் எங்கள் கண்ணெதிரே போய்க்கொண்டிருந்தன.

மேலூர்ப் பகுதியில் டங்ஸ்டன் கனிமம் எடுப்பதற்கான ஏல விவகாரத்திலும் பிந்தினோம். நாயக்கர்பட்டி வட்டாரத்தின் 2,015.51 ஹெக்டேருக்கான ஏலத்தில் ஹிந்துஸ்தான் சிங்க் நிறுவனம் தேர்வானது 2024 நவம்பரில் தெரிந்த பிறகே, 2022இல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்ட அரிட்டாபட்டியின் சுமார் 193 ஹெக்டேரும் அந்த எல்லைக்குள் வருவதை நான் உட்படப் பலர் கவனித்தோம். ஏல அறிவிப்பு முன்பே வெளியாகியிருந்தது. போராட்டம் மூண்டு, 2025 ஜனவரி 23 அன்று மத்திய அரசு ஏலத்தை ரத்து செய்தது. அந்தப் பெருமை முழுவதும் ஊர்மக்களுடையது. நான் இப்போது மாதம் இருமுறை ஏல அறிவிப்புகளைத் திறந்து, மதுரை, சிவகங்கை, திண்டுக்கல் என்ற பெயர்களைத் தேடுகிறேன்.