செக்சம் எனும் சரிபார்ப்புத் தொகை

ஒரு கணினிக் கோப்பு மாறாமல் இருக்கிறதா என்று சரிபார்க்க, அதன் உள்ளடக்கத்திலிருந்து கணித்தெடுக்கும் சிறு குறியீடுதான் செக்சம். அந்தச் சொல்லின் முன்பாதி இலங்கை மலையகத்துக்குப் புதிதல்ல. தோட்டத்தில் வேலைநாளையும் சம்பளத்தையும் பதியும் பேரேடுதான் செக்ரோல். அன்றைக்கு விழுந்தது முழுப்பேரா (முழுநாள் சம்பளமா) அரைப்பேரா என்ற வழக்கு அதைப் புரட்டினால்தான் தீரும். அந்த 'செக்' சதுரங்கத்தில் அரசனுக்கு வைக்கும் முற்றுகையிலிருந்து வந்தது. மூலம், அரசனைக் குறிக்கும் பாரசீக 'ஷா'. பின்பாதியான 'சம்', உச்சி எனப் பொருள்படும் லத்தீன் 'ஸும்மா'. ரோமர் கீழிருந்து மேலாகக் கூட்டி விடையை உச்சியில் எழுதியதால் உச்சியே கூட்டுத்தொகையின் பெயரானது.

தமிழில் 'சரிபார்ப்புத் தொகை' நல்ல சொல். இன்றைய கணிப்பு வெறும் கூட்டல் இல்லையே என்று 'தொகை'யை ஒதுக்க வேண்டியதில்லை. வினைத்தொகை படித்தவர்களுக்குத் தெரியும்: 'ஊறுகாய்' என்ற ஒரே சொல்லில் ஊறின, ஊறுகின்ற, ஊறும் என மூன்று காலமும் தொக்கி நிற்கின்றன. அப்படியே, ஒரு மெகாபைட்டைத் தாண்டிய கோப்பும் எஸ்.எச்.ஏ-256 என்ற கணிப்பு முறையில் 64 எழுத்துக்குள் அடங்கிவிடுகிறது. கோப்பில் ஒரேயொரு பிட் மாறினாலும் அந்த 64 எழுத்துத் தொடரே அடையாளம் தெரியாமல் மாறிப்போகும்.

தோட்ட அலுவலகத்தில், 1998-இல் வெளியான விஷுவல் பேசிக் 6 என்ற நிரல்மொழியில் எழுதிய செக்ரோல் மென்பொருள் ஒன்று ஓடுகிறதென வைப்போம். அது ஓட எம்.எஸ்.வி.பி.வி.எம்.60 என்ற டி.எல்.எல் கோப்பு வேண்டும். மென்பொருள் ஓடும்போது துணைக்கு அழைக்கும் நிரல்களின் தொகுப்பு இது; இயக்கநேர நூலகம் என்பார்கள். விண்டோஸோடு இன்றும் வருகிறது. அது பழுதானதும் பெயரைத் தேடி, கண்ட தளத்திலிருந்து இறக்கிப் போடுவது பெரிய ஆபத்து. பெயரை யாரும் வைக்கலாம். உள்ளே இருப்பது மூலக்கோப்புதானா என்பதைத் தொகைதான் காட்டும். கட்டளைச் சாளரத்தில், விண்டோஸிலேயே உள்ள செர்ட்யூட்டில் கருவிக்கு ஹேஷ்ஃபைல் என்ற தெரிவையும், கோப்பின் பெயரையும், எஸ்.எச்.ஏ256 என்பதையும் கொடுத்தால் தொகை வந்துவிடும். எம்.டி.5 என்ற பழைய கணிப்பு முறை வேண்டாம். இருவேறு தரவுக்கு அதில் ஒரே தொகை வருவதை 2004-லேயே செய்து காட்டிவிட்டார்கள்.

எதனோடு ஒப்பிடுகிறோம் என்பதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். கோப்பைத் தந்த தளமே தொகையையும் தந்தால் அதை நம்ப முடியாது. கோப்பில் கைவைத்தவர் தொகையையும் மாற்றியிருப்பார். மூல நிறுவல் வட்டிலோ, ஒழுங்காக ஓடும் வேறொரு கணினியிலோ உள்ள கோப்பின் தொகை வேண்டும். அதற்கும் முன்னால் பதிப்பெண்ணைப் பாருங்கள். இந்த நூலகத்துக்கு உண்மையான பதிப்புகளே பல உண்டு, பதிப்பு வேறென்றால் தொகையும் வேறாகத்தான் இருக்கும். பதிப்பெண் ஒன்றாயிருந்தும் தொகை ஒத்துவராவிட்டால் அந்தக் கோப்பைப் போடாதீர்கள்.