49 வாக்கு வித்தியாசம், 203 தபால் வாக்குகள்: இராதாபுரத்தில் நடந்தது என்ன?

தேர்தல் பணிப் பயிற்சி வகுப்பில், பணிக்குப் போகிறவர்கள் போட வேண்டிய தபால் வாக்கைப் பற்றிப் பேச ஆரம்பித்ததும் பாதிப் பேர் கைபேசியை எடுத்துவிடுவார்கள். இயந்திரத்தை இணைப்பது, மாதிரி வாக்குப்பதிவு, பதிவான வாக்குகளின் கணக்கை எழுதும் 17சி படிவம் என்றால் காது கொடுத்துக் கேட்பார்கள். அதில் பிசகினால் மெமோ வரும். தன் ஓட்டு செல்லாமல் போனால் யாரும் மெமோ கொடுப்பதில்லை. செல்லாமல் போனது என்ற தகவல்கூட ஓட்டுப் போட்டவருக்கு வந்து சேராது. அதனால்தான் என் வகுப்புகளில் எப்போதும் இராதாபுரம் தொகுதியை எடுத்துப் பேசுகிறேன். அந்த ஊர்ப் பெயரைச் சொன்னால், முக்கியமாக ஆசிரியர்கள், நிமிர்ந்து உட்காருகிறார்கள்.

திருநெல்வேலி மாவட்டத்தின் தென்கோடியில் இருக்கிறது இராதாபுரம். வரிசை எண் 228. வள்ளியூர், பணகுடி, கூடங்குளம், இடிந்தகரை, உவரி என்று வயற்காடும் தேரிக்காடும் கடற்கரையும் கலந்த தொகுதி. ஒரு கட்சியின் கோட்டை என்று யாரும் இங்கே மார்தட்ட முடியாது. 1984இல் காந்தி காமராஜ் தேசிய காங்கிரஸ் சார்பில் குமரி அனந்தன் வென்றார். 1989, 1991 இரண்டு முறையும் காங்கிரஸின் ரமணி நல்லதம்பி. 1996இல் மூப்பனாரின் தமிழ் மாநில காங்கிரஸ் வேட்பாளராக மு. அப்பாவு ஜெயித்தார். 2001இல் அதே அப்பாவு சுயேச்சையாக நின்று ஜெயித்தார். 2006இல் தி.மு.க. வேட்பாளராக நின்றும் ஜெயித்தார். மூன்று தேர்தல், மூன்று அடையாளம், ஒரே ஆள். சின்னத்தைப் பார்த்து மட்டும் இங்கே ஓட்டு விழுவதில்லை என்பதற்கு வேறு சாட்சி வேண்டியதில்லை.

2011இல் தே.மு.தி.க.வின் மைக்கேல் ராயப்பன் வந்தார். அடுத்த ஆண்டே, கட்சித் தலைமையை மீறி முதல்வர் ஜெயலலிதாவைச் சந்தித்த நான்கு தே.மு.தி.க. எம்.எல்.ஏ.க்களில் இவரும் ஒருவர். கூடங்குளம் அணுஉலைக்கு எதிரான போராட்டம் உச்சத்தில் இருந்ததும் அந்த ஆண்டுகளில்தான். அது தனியாக எழுத வேண்டிய கதை.

இனி 2016. மே 16 வாக்குப்பதிவு, 19ஆம் தேதி எண்ணிக்கை. அ.தி.மு.க.வின் ஐ.எஸ். இன்பதுரை 69,590 வாக்குகள், தி.மு.க.வின் அப்பாவு 69,541. வித்தியாசம் 49. ஒரு தெருவில் குடியிருப்பவர்களின் எண்ணிக்கைகூட இதைவிட அதிகமாக இருக்கும்.

அன்று எண்ணிக்கையில் சேராமல் ஒதுக்கப்பட்ட தபால் வாக்குகளில் 203 வாக்குகள்தான் வழக்கின் மையமாயின. அவை ஒதுக்கப்பட்டதற்குக் காரணம் ஓட்டுச்சீட்டில் இருந்த குறை அல்ல. கூடவே வைக்க வேண்டிய உறுதிமொழிப் படிவத்தில் சான்றொப்பம் இட்டவர்கள் நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியர்கள். அவர்கள் சான்றொப்பம் இடத் தகுதியுள்ள அரசிதழ் பதிவு பெற்ற (கெசட்டட்) அலுவலர்கள் அல்லர் என்று சொல்லி அவை தள்ளப்பட்டன.

தபால் வாக்கு எப்படி எண்ணப்படுகிறது என்று தெரிந்தால்தான் இதன் கனம் புரியும். வெளி உறை 13சி. அதைப் பிரித்தால் இரண்டு சமாச்சாரம் இருக்க வேண்டும்: உறுதிமொழி எழுதிய 13ஏ படிவம், ஓட்டுச்சீட்டு வைத்து ஒட்டிய 13பி என்ற உள் உறை. முதலில் பார்ப்பது 13ஏவை. கையெழுத்து இருக்கிறதா, சான்றொப்பம் இருக்கிறதா, அதில் எழுதிய ஓட்டுச்சீட்டு வரிசை எண்ணும் 13பி உறையின் மேல் இருக்கும் எண்ணும் ஒன்றுதானா என்று பார்ப்பார்கள். இதில் ஒன்று இடித்தாலும் 13பியைப் பிரிக்கமாட்டார்கள். உள்ளே யாருக்கு ஓட்டு விழுந்திருக்கிறது என்று எவருக்கும் தெரியாமலே அந்த உறை ‘நிராகரிக்கப்பட்டவை’ கட்டுக்குப் போய்விடும். ஆக, தபால் வாக்கில் நீங்கள் யாருக்கு டிக் போட்டீர்கள் என்பது கடைசியில் வருகிற விஷயம். அதற்கு முன்னால் உங்கள் காகிதம் பரீட்சையில் தேற வேண்டும்.

அந்தச் சான்றொப்பம் எதற்கு? ஓட்டுப் போட்டவர் இவர்தான், என் முன்னால்தான் கையெழுத்திட்டார் என்று ஒரு பொறுப்பான ஆள் சொல்வதற்கு. தேர்தல் பணியில் இருப்பவருக்கு அரசிதழ் பதிவு பெற்ற அலுவலரோ, அவர் பணிபுரியப்போகும் வாக்குச்சாவடியின் தலைமை அலுவலரோ சான்று தரலாம். இங்கேதான் வேடிக்கை. நம் ஊரில் வாக்குச்சாவடித் தலைமை அலுவலராகப் போடப்படுவோரில் பள்ளித் தலைமையாசிரியர்கள் ஏராளம். ஒரு சாவடி முழுவதையும் நம்பி ஒப்படைக்கும்போது செல்லுகிற அதே கையெழுத்து, பயிற்சி மையத்தில் பக்கத்து நாற்காலி ஆசிரியரின் படிவத்தில் விழுந்தால் செல்லாமல் போகலாம். பச்சை மையில் போட்டுவிட்டால் எல்லாம் சரி என்று நினைக்கிற ஆட்களை இன்றும் பார்க்கிறேன். மையின் நிறத்தை யாரும் கேட்கப்போவதில்லை. பதவியும் முத்திரையும்தான் பேசும்.

அப்பாவு உயர் நீதிமன்றத்துக்குப் போனார். தேர்தல் வழக்கு என்பது நினைத்தபோது போடக்கூடிய வழக்கு அல்ல. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின்படி முடிவு வந்த 45 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில் மனு தாக்கலாக வேண்டும். ஒரு வாக்கு முறையின்றி ஏற்கப்பட்டது அல்லது முறையின்றித் தள்ளப்பட்டது, அதனால் முடிவே மாறியது என்று காட்டினால் தேர்தல் செல்லாது என்று அறிவிக்கச் சட்டத்தில் இடம் உண்டு. ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. முயல வேண்டும், அவ்வளவுதான்.

2019 அக்டோபர் 1ஆம் தேதி சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஜி. ஜெயச்சந்திரன் உத்தரவு பிறப்பித்தார். அந்த 203 தபால் வாக்குகளையும், இயந்திர வாக்குகளில் கடைசியாக எண்ணிய 19, 20, 21ஆம் சுற்றுகளையும் திரும்ப எண்ண வேண்டும். 4ஆம் தேதி நீதிமன்ற வளாகத்திலேயே எண்ணிக்கை நடந்தது. அதே நாளில் உச்ச நீதிமன்றம், முடிவை வெளியிடக் கூடாது என்று தடை போட்டது. எண்ணி முடித்த எண்ணிக்கை உறைக்குள் இருக்க, பேரவையின் ஐந்தாண்டும் ஓடிப்போனது. 2021இல் அதே இருவரும் மறுபடி மோதினார்கள். இம்முறை அப்பாவு ஐயாயிரத்துச் சொச்சம் வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்து, அந்த மே மாதமே பேரவைத் தலைவரானார்.

யார் ஜெயித்திருக்க வேண்டும் என்பது என் கேள்வி அல்ல; அது நீதிமன்றத்தின் வேலை. அரசே உத்தரவு போட்டு ஊர்விட்டு ஊர் அனுப்பிய பணியாளரின் ஓட்டு, சான்றொப்பமிட்டவரின் பதவி நிலை சரியில்லை என்ற ஒரே காரணத்தால் கணக்கில் வராமல் போகிறதே என்பதுதான் என் ஆதங்கம். ஆள் அடையாளத்தை உறுதி செய்யத்தானே அந்தக் கையெழுத்து? ஆளைப் பற்றிச் சந்தேகமே இல்லாதபோது கையெழுத்திட்டவரின் சம்பளப் படிநிலையைப் பார்த்து ஓட்டைத் தள்ளுவது எனக்குச் சரியாகப் படவில்லை. ஆனால் மேசைக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் அலுவலர் என் அபிப்பிராயத்தைக் கேட்கமாட்டார். கையில் இருக்கும் கையேட்டைத்தான் பார்ப்பார்.

பிறகு சில விஷயங்கள் மாறியிருக்கின்றன. தள்ளப்பட்ட தபால் வாக்குகளின் எண்ணிக்கை வெற்றி வித்தியாசத்தைவிட அதிகமாக இருந்தால், முடிவை அறிவிக்கும் முன் தேர்தல் நடத்தும் அலுவலர் அந்த வாக்குகள் அத்தனையையும் மறுபடி சரிபார்த்தாக வேண்டும் என்று தேர்தல் ஆணையம் அறிவுறுத்தியிருக்கிறது. 203க்கும் 49க்கும் இந்த விதியைப் பொருத்திப் பாருங்கள். இன்னொரு மாற்றம், வாக்களிக்கும் இடத்தைப் பற்றியது. முன்பெல்லாம் ஓட்டுச்சீட்டை வீட்டுக்குக் கொண்டுபோய், எண்ணிக்கை நாள் காலை எண்ணத் தொடங்கும் வரைகூட அனுப்பலாம். நாள்கணக்கில் ஓட்டுச்சீட்டு கையில் இருந்தால் வேட்பாளரின் ஆட்கள் கதவைத் தட்டுவார்கள் என்பது ஆணையத்தின் கவலை. 2024 மக்களவைத் தேர்தலில் தேர்தல் பணியாளர்கள் வாக்காளர் உதவி மையத்திலேயே ஓட்டுப் போட்டுப் பெட்டியில் சேர்க்கும் முறை வந்துவிட்டது. சான்றொப்பம் இட அலுவலரும் அங்கேயே இருப்பார். யாரிடம் கையெழுத்து வாங்குவது என்று அலைய வேண்டாம்.

அலைய வேண்டாமே தவிர, படிவத்தைப் பார்க்காமல் இருக்கலாம் என்று அர்த்தம் இல்லை. மையத்தில் கூட்டம் அலைமோதும். பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில் 13ஏவில் வரிசை எண்ணை எழுதாமல் விடுவது, உறுதிமொழியையும் ஓட்டுச்சீட்டோடு சேர்த்து உள் உறைக்குள் திணிப்பது, ஓட்டுச்சீட்டிலேயே கையெழுத்துப் போடுவது எல்லாம் இன்றும் நடக்கின்றன. கடைசியாகச் சொன்னது மிகவும் மோசம். யார் போட்ட ஓட்டு என்று காட்டும் எந்தக் குறி இருந்தாலும் அந்தச் சீட்டு செல்லாது. படித்தவர்கள்தாம் இதைச் செய்கிறோம்; எந்தக் காகிதத்தைக் கண்டாலும் கீழே கையெழுத்துப் போட்டுப் பழகிய கை.

வேட்பாளரின் முகவர்களுக்கும் ஒரு வார்த்தை. இயந்திரச் சுற்றுகளின் பரபரப்பில் தபால் வாக்கு மேசையை அனுபவமில்லாத பையனிடம் விட்டுவிட்டுப் போகாதீர்கள். எத்தனை தள்ளப்பட்டன, எந்தக் காரணத்துக்காக என்று மேசையிலேயே குறித்துக்கொள்ளுங்கள். மொத்த எண்ணிக்கை அறிவிக்கப்பட்டதும், முடிவுத் தாளான 20ஆம் படிவத்தில் அலுவலர் கையெழுத்திடும் முன், காரணம் காட்டி எழுத்துமூலம் மறு எண்ணிக்கை கேட்க வேண்டும். கையெழுத்து விழுந்த பின் அங்கே எத்தனை கத்தினாலும் பயன் இல்லை. அடுத்த வாசல் உயர் நீதிமன்றம்தான். பக்கத்துத் தென்காசியில் 2021இல் காங்கிரஸின் பழனி நாடார் 370 வாக்கில் ஜெயித்தார். அதுவும் நீதிமன்றம் போய், 2023 ஜூலையில் தபால் வாக்குகளைத் திரும்ப எண்ணிய பிறகுதான் அவர் வெற்றி உறுதியானது. அதே 2021இல் தியாகராய நகரில் வித்தியாசம் 137. நெருக்கமான போட்டி எங்கே வரும் என்று முன்கூட்டித் தெரியாது.

பணி ஆணை கையில் கிடைத்ததும் செய்ய வேண்டியது ஒன்றுதான். உங்கள் பெயர் எந்தத் தொகுதிப் பட்டியலில் இருக்கிறது, பாகம் எண், வரிசை எண் என்ன என்று எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். சட்டமன்றத் தேர்தலில் பணியும் ஓட்டும் ஒரே தொகுதியில் என்றால் தபால் வாக்கே வேண்டாம். 12ஏ படிவம் கொடுத்துத் தேர்தல் பணிச் சான்று வாங்கிவிட்டால், பணிபுரியும் சாவடியிலேயே இயந்திரத்தில் போட்டுவிடலாம். உறையும் இல்லை, சான்றொப்பமும் இல்லை. தொகுதி வேறு என்றால், தபால் வாக்கு கேட்கும் 12ஆம் படிவத்தை முதல் பயிற்சி வகுப்பிலேயே கொடுத்துவிடுங்கள். இரண்டாம் வகுப்பில் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போட்டவர்களின் பெயர்தான் பெரும்பாலும் உதவி மையப் பட்டியலில் காணாமல் போகிறது.