டாங்டுட்: முழவின் ஒலியே பெயரான இசை

இந்தோனேசியாவில் கல்யாண வீடு, தேர்தல் கூட்டம், தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டி என்று எங்கே மேடை போட்டாலும் பெரும்பாலும் காதில் விழுவது டாங்டுட். மூங்கில் குழல், எலக்ட்ரிக் கிட்டார், கீபோர்டு எல்லாம் உண்டு. ஆனால் பாட்டைத் தூக்கிப் பிடிப்பது கெண்டாங் என்ற இரட்டை முழவு. அதில் அடுத்தடுத்து எழும் இரண்டு ஒலிகள்தான் பெயராகிவிட்டன. முதலில் 'டாங்', ஒட்டினாற்போல் 'டுட்'. பெரிய முழவின் தோலைக் கை அழுத்தும்போது சுருதி வழுக்கிக்கொண்டு போகும் ஒலி அந்த 'டுட்'. தபேலா கேட்டுப் பழகியவர்களுக்கு அது புதிதாகவே இருக்காது.

காரணம் இருக்கிறது. 1950களில் இந்தித் திரைப்படங்கள் இந்தோனேசியாவில் பெரும் வரவேற்போடு ஓடின. அந்தப் பாட்டுகளின் மெட்டும் தபேலாத் தாளமும் ஜகார்த்தா, சுரபாயா போன்ற நகரங்களில் இருந்த 'ஓர்கெஸ் மெலாயு' குழுக்களுக்குள், அதாவது மலாய் இசைக்குழுக்களுக்குள் புகுந்தன. அக்காலத்தில் எல்யா காடாம் பாடிப் புகழ்பெற்ற பாட்டின் தலைப்பே 'இந்தியாவிலிருந்து வந்த பொம்மை' என்று பொருள்படும். இன்றும் பல டாங்டுட் குழுக்கள் பெயருக்கு முன்னால் ஓ.எம். என்ற எழுத்துகளை வைத்துக்கொள்வது அந்த ஓர்கெஸ் மெலாயுவின் மிச்சம்தான்.

இசை முன்பே இருந்தது, பெயர் பின்னால்தான் வந்தது. 1970களின் தொடக்கத்தில் ராக் இசை கேட்கும் நகரத்து இளைஞர்கள் இந்த இசையைப் பட்டிக்காட்டுச் சத்தம் என்று இளக்காரமாகப் பார்த்தார்கள். "டாங், டுட், வேறென்ன இருக்கிறது அதில்?" என்ற கேலி அந்தச் சொல்லுக்குள் இருந்தது. இதற்கு ஒரு முன்கதையும் உண்டு. 1950களின் இறுதியில் அதிபர் சுகர்னோ மேலைநாட்டு ராக் இசையை 'ஙக்-ஙிக்-ஙொக்' என்று பழித்தார். (தமிழில் ஙகர வரிசைக்கு இப்படி ஒரு வேலை கிடைப்பது அபூர்வம்.) அந்த எதிர்ப்பு முற்றி, 1965இல் கோயெஸ் சகோதரர்கள் என்ற இந்தோனேசியப் பாட்டுக் குழுவினர் பீட்டில்ஸ் பாணியில் பாடியதற்காகச் சிறைக்கே போனார்கள். ஓர் இசையைப் பிடிக்காவிட்டால் அதை வெறும் ஓசையாகச் சுருக்கிச் சொல்லும் வழக்கம் முதலில் ராக் மீது பாய்ந்தது, பிறகு ராக் ரசிகர்கள் வழியாக மலாய்ப் பாட்டின் மீது பாய்ந்தது.

வசவைப் பெருமையாக மாற்றியதில் பெரும் பங்கு ரோமா இராமாவுடையது. 1946இல் பிறந்தவர், சொனேத்தா குழுவை நிறுவியவர், 'டாங்டுட் அரசர்' என்று அழைக்கப்படுபவர். இயற்பெயர் ஓமா, ஹஜ் போய் வந்தபின் ராடென், ஹாஜி என்ற பட்டங்களின் முதலெழுத்துகளைச் சேர்த்து ரோமா ஆனார். அவருடைய 'தெராஜானா' என்ற பாட்டில் இந்தச் சொல்லுக்கான விளக்கமே இருக்கிறது: குழல் மூங்கில் குழல், முழவு மாட்டுத்தோல் முழவு, டாங்டுட் என்பது அந்த முழவின் குரல், கேட்டால் தன்னை அறியாமல் இடுப்பு ஆடும், இது இந்தியப் பாட்டு என்று போகிறது அது. கேலி செய்தவர்களுக்கு இதைவிடத் தெளிவான பதில் வேண்டியதில்லை. ராக் கிட்டாரையும் அவர் விடவில்லை, அதையும் டாங்டுட்டுக்குள் இழுத்துக்கொண்டார்.

1990களில் கிழக்கு ஜாவாவில் வேகத்தைக் கூட்டி 'டாங்டுட் கொப்லோ' பிறந்தது. கொப்லோ என்றால் மடத்தனம். மலிவான போதை மாத்திரைக்கும் தெருவில் அதே பெயர். மறுபடியும் ஒரு வசவுப் பெயர்தான். 2003இல் பாடகி இனுல் டாராதிஸ்தாவின் இடுப்பாட்டம் நாட்டையே இரண்டாக்கியது; ரோமா இராமாவே அதைக் கடுமையாகக் கண்டித்தார். அந்தக் கொப்லோ வழியில் வந்த வியா வாலென்தான் 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டியின் அதிகாரப்பூர்வப் பாடலைப் பாடினார்.

சரி, தமிழில் இதை என்னவென்று சொல்வது?

'குத்துப்பாட்டு' என்பது முதலில் நாக்கில் வரும். அது தவறு. ஆட்டத்துக்கு அது பொருந்தலாம். ஆனால் மெதுவாக, அழுது அழுது பாடப்படும் டாங்டுட் பாட்டுகள் ஏராளம். ஏமாற்றிய காதலன், வறுமை, சூதாட்டம், மார்க்க உபதேசம் எல்லாம் அதில் உண்டு. 'நாட்டுப்புற இசை' என்பதும் சேராது. இது ஒலிநாடாத் தொழிலோடு நகரத்தில் வளர்ந்த இசை, பாட்டுக்குப் பாட்டு இசையமைப்பாளர் பெயர் உண்டு. 'மெல்லிசை' என்றால் நமக்கு வேறொரு மேடை கண்ணில் வந்துவிடும். சமூகத்தில் அதற்கு இருக்கும் இடத்தைப் பார்த்தால் சென்னைக் கானா ஓரளவு அருகில் வரும். இரண்டும் எளிய மக்களுடையவை, இரண்டும் இளக்காரத்தைத் தாங்கி மேலே வந்தவை. ஆனால் அதற்காக ஒன்றின் பெயரை இன்னொன்றுக்குச் சூட்ட முடியாது.

என் முடிவு இது. இசையின் பெயராக டாங்டுட் என்றே எழுதலாம்; கஸல், ஜாஸ் என்று எழுதுகிறோம் அல்லவா? ஒலிக்குறிப்புச் சொல்லை மொழிபெயர்த்தால் அந்த ஒலியே போய்விடும். தமிழும் இப்படிப் பெயர் வைத்த மொழிதான்: குடுகுடு என்று ஒலிப்பது குடுகுடுப்பை, அதை ஆட்டி வருபவர் குடுகுடுப்பைக்காரர். இந்தோனேசிய மொழியிலும் இதே முறையில், டாங்டுட் பாடுபவரை 'பெடாங்டுட்' என்கிறார்கள். விளக்கம் வேண்டிய இடத்தில் 'இந்தோனேசிய வெகுசன இசை' என்று முதல் முறை மட்டும் சேர்த்தால் போதும். 'கோயாங்' என்ற ஆட்டத்துக்கு 'இடுப்பாட்டம்' நன்றாகவே பொருந்தும். மேடைப் பாடகியை அங்கே 'பிடுவான்' என்றும் சொல்வார்கள். அதைத் தமிழில் பாடகி என்று எழுதினால் போதும், ஆனாலும் அந்தச் சொல்லைக் கொஞ்சம் உற்றுப் பாருங்கள்: நாம் வித்துவான் என்று சொல்கிறோமே, அதே சமஸ்கிருத வேர்தான் அது.