வக்கீல் கையில் நம் பணமும் பத்திரமும்: பார் கவுன்சிலில் புகார் எதுவரை உதவும்?

நஷ்டஈடு வந்துவிட்டது, ஆனால் வக்கீல் போனை எடுப்பதில்லை. அல்லது, ஃபீஸ் பாக்கி இருக்கிறது என்று மூலப் பத்திரத்தைத் தர மறுக்கிறார். கட்சிக்காரர்களின் புலம்பலில் அடிக்கடி காதில் விழுபவை இந்த இரண்டும்தான்.

வக்கீல்களின் தொழில் நடத்தையைக் கண்காணிக்கும் அமைப்பான இந்திய பார் கவுன்சிலின் விதிகள் இதில் தெளிவாகவே பேசுகின்றன. கட்சிக்காரர் பணத்துக்கு வக்கீல் தேதிவாரியாகக் கணக்கு வைக்க வேண்டும். வாங்கிய தொகை ஃபீஸா, செலவுக்கா என்று அதில் குறிப்பிட வேண்டும். கோர்ட் கட்டணத்துக்கு என்று கொடுத்ததை, கேஸ் நடக்கும்போது உங்கள் எழுத்துபூர்வ சம்மதம் இல்லாமல் ஃபீஸில் வரவு வைக்கக் கூடாது. உங்களுக்காகப் பணம் வந்தால் சீக்கிரமே தெரிவிக்க வேண்டும். அதைக் கடனாக வாங்கியதுபோல மாற்றிக்கொள்ளவும் கூடாது. நகல் எடுக்கும் செலவைக் கொடுத்துக் கேட்டால் கணக்கின் நகலைத் தந்தாக வேண்டும்.

இங்கே பலர் தடுமாறும் ஓர் இடம் உண்டு. கேஸ் முடிந்த பிறகு, பேசி முடித்த ஃபீஸில் பாக்கி இருந்தால், கையில் உள்ள பணத்திலிருந்து வக்கீல் அதைக் கழித்துக்கொள்ளலாம், விதியே அனுமதிக்கிறது. ஆகவே "பிடித்தம் செய்தார்" என்று மட்டும் எழுதினால் புகார் நிற்காது. எவ்வளவு வந்தது, எவ்வளவு பேசியது, கணக்கு கேட்டு எந்தத் தேதியில் கடிதம் அனுப்பினீர்கள் என்பதை எழுதுங்கள். பணம் கொடுக்கும்போதே "கோர்ட் கட்டணத்துக்காக" என்று ஒரு வரி போட்டுக் கையெழுத்து வாங்கிய சீட்டு, பின்னால் பத்துப் பக்கப் புகாரைவிடக் கனமாக இருக்கும்.

கேஸ் கட்டு, அதாவது நீங்கள் கொடுத்த பத்திரம் உள்ளிட்ட ஆவணங்கள் விஷயத்தில் கழித்தல் பேச்சுக்கே இடமில்லை. ஃபீஸ் பாக்கிக்காகக் கட்டைப் பிடித்துவைக்க வக்கீலுக்கு உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2000ஆம் ஆண்டிலேயே சொல்லிவிட்டது. பாக்கி வேண்டுமென்றால் அவர் தனியாகத்தான் வசூலிக்க வேண்டும்.

புகாரை வக்கீல் பதிவு செய்துள்ள மாநில பார் கவுன்சிலில் கொடுக்க வேண்டும். தமிழ்நாடு, புதுச்சேரி இரண்டுக்கும் சேர்த்து ஒன்றுதான். சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் இருக்கிறது. சத்தியக்கூற்றோடு (எழுதியது உண்மை என்ற உறுதிமொழியோடு) கையெழுத்திட்ட மனு, உரிய கட்டணம், ஆவண நகல்கள் வேண்டும். முகாந்திரம் இருந்தால், 1961ஆம் ஆண்டு வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35ஆம் பிரிவின்படி மூன்று பேர் கொண்ட ஒழுங்கு நடவடிக்கைக் குழுவுக்குப் போகும். சாட்சிகளுக்குச் சம்மன் அனுப்பும் அதிகாரம் குழுவுக்கு உண்டு. ஓராண்டுக்குள் முடியாவிட்டால் விசாரணை இந்திய பார் கவுன்சிலுக்கு மாறிவிடும். தீர்ப்பு பிடிக்காத தரப்பு 60 நாளுக்குள் அங்கே அப்பீல் போகலாம். அதற்கும் மேல் உச்ச நீதிமன்றம்.

தண்டனை என்றால் கண்டனம், குறிப்பிட்ட காலத்துக்குத் தொழில் செய்யத் தடை, பட்டியலிலிருந்து பெயர் நீக்கம். இவை எல்லாமே வக்கீலின் தொழிலைத் தொடுபவை. உங்கள் பணத்தை வசூலித்துக் கொடுப்பது குழுவின் வேலை அல்ல. நுகர்வோர் கோர்ட்டுக்கும் போக முடியாது. 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் அந்தக் கதவை மூடியது. செக் மோசடி வழக்கில் எதிர்த்தரப்பு தந்த பணத்தை வக்கீல் தன்னிடம் ஒப்படைக்கவில்லை என்று ஒரு கட்சிக்காரர் போட்ட புகாரில்தான் அந்த வழக்கே தொடங்கியது என்பது வேறு விஷயம்.

மிச்சமிருப்பவை சிவில் வழக்கும், கையாடல் தெளிவாக இருந்தால் நம்பிக்கை மோசடி என்று போலீஸ் புகாரும். பண வசூல் வழக்குக்குப் பொதுவாக 3 ஆண்டு கெடு. பார் கவுன்சிலில் விசாரணை நடக்கிறதே என்று காத்திருந்தால் அந்தக் கெடு நமக்காகக் காத்திருக்காது.