வாலண்டியர் ரெஜிமென்ட்: தன்னார்வலருக்கு இங்கே என்ன வேலை?

போன வாரம் அமெரிக்க உள்நாட்டுப் போர் பற்றிய ஆவணப்படம் ஒன்றைத் தமிழ் வசன வரிகளோடு பார்த்தேன். கெட்டிஸ்பர்க் சண்டைக் கட்டத்தில் ‘20th Maine Volunteer Infantry Regiment’ என்ற பெயர் ‘20ஆவது மெயின் தன்னார்வலர் காலாட்படைப் படைப்பிரிவு’ என்று ஓடியது. மெயின் என்பது மாநிலத்தின் பெயர். அதை ‘முக்கிய’ என்று மாற்றாமல் விட்டார்களே, அதுவரை சரி. ஆனால் அந்த வரியில் இரண்டு படை இருக்கிறது, ரெஜிமென்ட் மட்டும் இல்லை.

ரெஜிமென்ட் என்ற சொல்லுக்கு லத்தீனில் ‘ஆளுதல்’ என்ற வேர். ஆட்சியைச் சொல்லும் ‘ரெஜீம்’ அதன் உடன்பிறப்பு. 16ஆம் நூற்றாண்டு வாக்கில், ஒரு கர்னலின் ஆளுகையில் உள்ள படை என்ற பொருள் அதில் ஒட்டிக்கொண்டது. அமெரிக்க உள்நாட்டுப் போரின் வடதரப்பில் பத்து கம்பெனி, ஏறத்தாழ ஆயிரம் பேர் சேர்ந்தால் ஒரு காலாள் ரெஜிமென்ட். அதற்கு மேலே, ஒன்றைவிட ஒன்று பெரிதாக, பிரிகேட், டிவிஷன், கோர். எல்லாவற்றையும் ‘படைப்பிரிவு’ என்றே எழுதினால், ‘அந்தப் படைப்பிரிவில் நான்கு படைப்பிரிவுகள் இருந்தன’ என்று எழுத வேண்டிவரும். ‘பட்டாளம்’ எனக்குப் பிடித்த சொல்தான், ஆனால் அது பட்டாலியனின் திரிபு. இந்த ரெஜிமென்ட்டுகளில் கம்பெனிக்கும் ரெஜிமென்ட்டுக்கும் நடுவே பட்டாலியன் என்ற இடைத்தட்டே பெரும்பாலும் கிடையாது. ஈழத்தில் புழங்கும் ‘படையணி’ போதும்.

என் உண்மையான சண்டை ‘தன்னார்வலர்’ மேல்தான். தமிழில் தன்னார்வலர் யார்? வெள்ளம் வந்தால் சாப்பாட்டுப் பொட்டலம் கொடுப்பவர், ரத்ததான முகாமில் பேர் எழுதுபவர். காசு வாங்க மாட்டார், நாளைக்கு வரமுடியாது என்றால் யாரும் கேட்க முடியாது. 20ஆம் மெயின்காரன் மாதம் 13 டாலர் சம்பளம் வாங்கினான், சேர்வதற்கு ஊக்கத்தொகையும் உண்டு. மூன்று வருடத்துக்குக் கையெழுத்து. நடுவில் வீட்டுக்குப் போனால் தண்டனை.

1863 மே மாதம் நடந்ததைப் பாருங்கள். இரண்டாம் மெயின் ரெஜிமென்ட்டின் இரண்டு வருடக் கெடு முடிந்து ஆட்கள் ஊர் திரும்பினார்கள். அதில் சுமார் 120 பேர் மூன்று வருடப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டிருந்தது அப்போதுதான் வெளிப்பட்டது. நாங்களும் போவோம், இனிச் சண்டை போட மாட்டோம் என்று முரண்டு பிடித்தவர்களை, துப்பாக்கியில் ஈட்டி செருகிய காவலோடு 20ஆம் மெயினில் கொண்டுவந்து தள்ளினார்கள். மறுத்தால் சுடலாம் என்று 20ஆம் மெயினின் தலைவர் கர்னல் சேம்பர்லினுக்கு உத்தரவு. போவ்டாயின் கல்லூரிப் பேராசிரியராக இருந்த அவர் முதலில் சோறு போட்டார், பிறகு பேசினார். ஒரு சிலரைத் தவிர எல்லோரும் துப்பாக்கியை எடுத்தார்கள். இவர்களைத் தன்னார்வலர் என்று எழுத எப்படிக் கை வருகிறது?

அந்தப் பெயரில் ‘வாலண்டியர்’ மனநிலையைச் சொல்லவில்லை, படையின் வகையைச் சொல்கிறது. வடதரப்பில் மூன்று வகை. போருக்கு முன்பே இருந்த நிலையான ராணுவம் ஒன்று. லிங்கன் 1861 ஏப்ரலில் மூன்று மாதத்துக்கு அழைத்த 75,000 பேர் மாநிலங்களின் மிலிஷியா, அதாவது ஊர்க்காவல் மாதிரி. மூன்றாவதுதான் இது: போருக்கென்று மாநில ஆளுநர் ஊர் ஊராக ஆள் திரட்டி, அதிகாரிகளை நியமித்து அனுப்பியது.

‘தொண்டர் படை’? இலங்கை ராணுவத்தில் அப்படியொரு பிரிவு உண்டு, அங்கே சிக்கலில்லை. தமிழ்நாட்டிலோ மாநாட்டுப் பந்தலில் கயிறு பிடிக்கும் கட்சிக்காரர்தான் நினைவுக்கு வருவார்.

இத்தனைக்கும் சொல் நம்மிடமே இருக்கிறது. திருக்குறளின் படைமாட்சி அதிகாரத்துக்கு எழுதிய உரையில் பரிமேலழகர் ஆறுவகைப் படை சொல்கிறார்: மூலப்படை, கூலிப்படை, நாட்டுப்படை, காட்டுப்படை, துணைப்படை, பகைப்படை. வழிவழியாக நிற்பது மூலப்படை, அமெரிக்காவின் நிலையான ராணுவத்துக்கு ஓரளவு பொருந்தும். நாட்டில் திரட்டியது நாட்டுப்படை. சோழர் காலத்து ‘நாடு’ ஒரு வட்டாரம்தானே, மெயினுக்கு அச்சாகப் பொருந்துகிறது. ‘மெயின் 20ஆம் நாட்டுக் காலாள் படையணி’ என்பேன்.

நண்பர் ஒருவர் சிரித்தார்: “என்னங்க, நாட்டுக்கோழி மாதிரி இருக்கு.” இருக்கட்டும். பண்ணையில் வளர்க்காமல் ஊரில் வளர்ந்தது என்றுதானே அதற்கும் பொருள்? தேசிய ராணுவம் என்று யாராவது எடுத்துக்கொள்வார்கள் என்ற பயம் மட்டும் எனக்கும் உண்டு. முதல் இடத்தில் ஒரு வரி விளக்கம் போட்டால் தீர்ந்தது.

ஆனால் வசன வரி எழுதுகிறவர்களுக்கு அந்த ஒரு வரிக்கு நேரமில்லை. அகராதியில் முதலில் நிற்கும் பொருளை எடுத்து ஒட்டிவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விடுகிறார்கள். 1863 ஜூலை 2, கெட்டிஸ்பர்க்கின் லிட்டில் ரவுண்ட் டாப் குன்று. 20ஆம் மெயினின் கேப்டன் மொரில் தன் ‘பி’ கம்பெனியோடு கற்சுவருக்குப் பின்னால் பதுங்கியிருக்கிறார். திரையின் கீழே: ‘பி நிறுவனம் சுவருக்குப் பின்னால் உள்ளது.’